பர்மா பத்திரமும் ஜப்பான் நோட்டும்

ஐயாவின் மரப்பெட்டியில் கிடைத்த பர்மா நிலப்பத்திரத்துக்கும் நோட்டுக்கட்டுக்கும் இப்போது பணம் கிடைக்குமா என்று கேட்டிருந்தீர்கள். கிடைக்காது தம்பி. நோட்டில் ஜப்பானிய அரசாங்கம் என்று ஆங்கிலத்தில் அச்சடித்து, 'B'யில் தொடங்கும் எழுத்துக் குறி இருந்தால் அது 1942-45இல் பர்மாவைப் பிடித்திருந்த ஜப்பான் வெளியிட்ட ஆக்கிரமிப்பு ரூபாய், போர் முடிந்ததுமே செல்லாக்காசு. நிலம் வேறு கதை: 1930களில் நெல் விலை சரிந்து, விவசாயிகளால் கடனைக் கட்ட முடியாமல் போனதில்தான் கீழ்ப்பர்மா நெல்வயல்களில் கிட்டத்தட்ட கால்பங்கு கடன் கொடுத்த செட்டியார்கள் கைக்கு வந்தது, அதில் மூண்ட கோபம் அங்கே பெரிய அரசியலாகி நிலத்தை அரசே எடுத்துக்கொள்ளும் 1948, 1953 நிலத் தேசியமயச் சட்டங்கள் வரை போனது. ஐயா ஏமாந்து சொத்தைத் தொலைத்தார் என்று காரைக்குடி வீட்டில் யாராவது சொன்னால் விடாதீர்கள், 1941 டிசம்பரில் ரங்கூனில் குண்டு விழுந்த பிறகு உயிரோடு ஊர் வந்து சேர்ந்ததே பெரிது. அப்புறம், பத்திரம் மடிப்பில் கிழிந்திருந்தால் செலோடேப் ஒட்டாமல் முதலில் ஸ்கேன் எடுங்கள்.