குடல் கிருமிகள் பிரித்துக் கொடுக்கும் மருந்து

கேள்வி: எனக்கு வயது 34. தறி நெய்கிறேன். மலத்தில் ரத்தமும் சளியும் போனதால் கொலனாஸ்கோபி செய்து பார்த்து, அல்சரேட்டிவ் கோலைட்டிஸ் (பெருங்குடல் புண் நோய்) என்று கூறி, சல்பாசலசின் மாத்திரை கொடுத்தார்கள். ரத்தம் நின்றுவிட்டது, ஆனால் சிறுநீர் ஆரஞ்சு நிறமாகப் போகிறது. இந்த மருந்து குடலிலுள்ள நல்ல கிருமிகளைக் கொன்றுவிடும், நிறுத்திவிட்டுத் தயிரும் நீராகாரமும் குடித்தால் போதும் என்கிறார் என் மாமா. நிறுத்தலாமா?
— வாசகர், அம்மாபேட்டை, சேலம்

பதில்: நிறுத்தாதீர்கள். ஆரஞ்சு நிறம் அந்த மருந்தின் நிறமே; அதனால் தீங்கில்லை. நூலுக்கு ஏற்றும் சாயங்கள் பலவற்றுக்கு நிறம் தருகிற, அசோ எனப்படும் வேதிப் பிணைப்புதான் இந்த மாத்திரையிலும் இருக்கிறது.

அந்தப் பிணைப்பு மெசலமைன், சல்பாபிரிடின் என்னும் இரு பொருள்களை ஒன்றாகக் கட்டி வைத்திருக்கிறது. மெசலமைனைத் தனியாக விழுங்கினால், அதில் பெரும்பகுதி சிறுகுடலிலேயே உறிஞ்சப்பட்டுவிடும். கட்டுண்டு போவதால்தான் புண் இருக்கும் பெருங்குடல் வரை அது சென்று சேர்கிறது. அங்கே கட்டை அவிழ்ப்பவை, உங்கள் மாமா கவலைப்படும் அதே கிருமிகள். கிருமிகளே இல்லாமல் வளர்க்கப்பட்ட எலிகளின் குடலில் இம்மருந்து பிரியவில்லை என்று 1972-இல் வெளியான ஆய்வு காட்டியது. சுவீடன் மருத்துவர் நன்னா ஸ்வார்ட்ஸ் 1942-இல் அறிமுகப்படுத்திய இம்மருந்தில் குணமாக்கும் பகுதி எது என்பதே, 1977-இல் ஆசாத் கான், ட்ரூலவ் ஆகிய ஆய்வாளர்கள் இரு பகுதிகளையும் தனித்தனியே எனிமாவாகக் கொடுத்துப் பார்த்த பிறகுதான் தெளிவாயிற்று: குணமாக்குவது மெசலமைன், தலைவலி, குமட்டல் போன்ற தொல்லைகள் பெரும்பாலும் சல்பாபிரிடினால் வருபவை.

ஆகவே காய்ச்சல், சளி என்று கடையில் கேட்டு ஆன்டிபயாடிக் வாங்கிச் சாப்பிடாதீர்கள். மருந்தைப் பிரிக்கும் கிருமிகள் அதனால் குறையக்கூடும். தொண்டைவலியுடன் காய்ச்சலோ, உடலில் தடிப்போ வந்தால் அன்றே மருத்துவரிடம் செல்லுங்கள். ரத்த அணுக்களையும் கல்லீரலையும் அவர் சொல்லும் இடைவெளியில் பரிசோதித்துக்கொள்ளுங்கள். ஃபோலிக் அமில மாத்திரை வேண்டுமா என்றும் கேளுங்கள். குழந்தைக்குத் திட்டமிட்டிருந்தால் கூச்சப்படாமல் சொல்லிவிடுங்கள்: இம்மருந்து விந்தணுக்களைக் குறைக்கும், நிறுத்தினால் அது சரியாகிவிடும் என்பதால், பெருங்குடல் வரை சென்று சேரும்படி செய்யப்பட்ட, மெசலமைன் மட்டும் உள்ள மாத்திரைக்கு மாற்றித் தருவார்கள். தயிர் ஒத்துக்கொண்டால் தாராளமாகச் சாப்பிடுங்கள், ஆனால் மருந்துக்குப் பதிலாக அல்ல. ரத்தம் நின்றது கண்டு மருந்தை விட்டவர்களுக்கு நோய் திரும்புவதை நான் அடிக்கடி பார்க்கிறேன்.

கேள்வி: இரைப்பைப் புண்ணுக்கு ஹெலிகோபாக்டர் கிருமி காரணம் என்று 14 நாள் மருந்து எழுதியிருக்கிறார்கள். ஐந்தாம் நாளே வலி போய்விட்டது. மீதியும் அவசியமா?
— வாசகி, ஏற்காடு

பதில்: அவசியம், அம்மா. அமிலம் குறைந்ததால் வலி போயிருக்கிறது. கிருமி இன்னும் இருக்கக்கூடும், பாதியில் விட்டால் எஞ்சியவை அம்மருந்துகளுக்கு அடங்காதவையாக மாறலாம். ஆன்டிபயாடிக் முடிந்து நான்கு வாரங்களாவது கழிந்தபின், அமிலம் குறைக்கும் மாத்திரையை இரண்டு வாரம் நிறுத்தியிருக்கும் நிலையில், மூச்சுப் பரிசோதனையோ மலப் பரிசோதனையோ செய்து கிருமி போய்விட்டதா என்று பாருங்கள்.