எல்லாப் படத்திலும் ஒரே முகத்தோடு வரும் பின்லாந்து நடிகை காத்தி ஓட்டினெனைப் 'பல்திறன் நடிகை' என்கிறார்களே, எப்படி?

நானும் முதலில் உங்களைப் போலத்தான் நினைத்தேன். குரல் உடைந்தால்தான் சோகம், கண்ணீர் விட்டால்தான் நடிப்பு என்று பழகிய கண் என்னுடையது. நண்பன் ஒருவன் பென் டிரைவில் ஏற்றிக் கொடுத்த 'தி மேட்ச் ஃபேக்டரி கேர்ள்' (1990) படத்தை ஒருநாள் இரவு சாப்பிட்டுக்கொண்டே ஓடவிட்டேன். மொத்தமே எழுபது நிமிடத்துக்குள்தான். தொடக்கத்தில் ஒரு தீப்பெட்டித் தொழிற்சாலை: மரக்கட்டை சீவப்படுகிறது, குச்சியாகிறது, பெட்டிக்குள் போகிறது. யாரும் பேசக் காணோம். நாயகி ஐரிஸாக வரும் ஓட்டினெனின் முகத்தைக் காட்டுவதற்கு முன்பே அவர் கைதான் திரையில் வருகிறது.

அப்புறம் அந்த நடனக் கூடம். சுவரோரம் பெண்கள் வரிசையாக உட்கார்ந்திருக்கிறார்கள். ஆண்கள் வந்து ஒவ்வொருவராக அழைத்துப் போகிறார்கள். ஐரிஸை மட்டும் யாரும் கூப்பிடவில்லை. குளிர்பானம் குடித்துக்கொண்டு அப்படியே இருக்கிறார். காலடியில் காலி பாட்டில்கள் சேர்ந்துவிட்டன. முகத்தில் எதுவும் மாறவில்லை, எனக்குத்தான் சாப்பாடு இறங்கவில்லை. இதே ஐரிஸ் பின்னால் எலிமருந்து வாங்கப் போவார், இதே முகத்தோடு. அப்போது பார்க்கிற நமக்குப் பயம் வருகிறது. (கதையைச் சொல்லிவிட்டேன், மன்னிக்கவும்.)

ஓட்டினென் 1961இல் ஹெல்சின்கியில் பிறந்தவர். 1980இல், இருபது வயதுக்குள், பள்ளிக்கு அடங்காத பிள்ளைகளைப் பற்றிய ஒரு படத்தில் முரட்டுப் பெண்ணாக அறிமுகமானார். 1986இல் இயக்குநர் அகி கவுரிஸ்மாகியின் 'ஷேடோஸ் இன் பாரடைஸ்'. குப்பை லாரி ஓட்டுகிறவருக்கும் சூப்பர் மார்க்கெட் காசாளருக்கும் காதல். காசாளர் நம்மவர், லாரிக்காரர் மத்தி பெல்லோன்பா. அடுத்த வருஷமே, ஷேக்ஸ்பியரின் ஹேம்லெட் கதையை ஒரு கம்பெனிக்குள் நடப்பதாக மாற்றிய படத்தில் ஹேம்லெட்டின் காதலி ஒஃபீலியா. 1999இல் 'யூஹா' என்ற மௌனப் படம். மற்றவர்கள் வாயை மூடினால் தடுமாறுவார்கள், இவருக்கு அது சொந்த வீடு மாதிரி.

என்னைக் கேட்டால், இவரை எடைபோட வேண்டிய படம் 'டிரிஃப்டிங் கிளவுட்ஸ்' (1996). நாயகனாக பெல்லோன்பாவை வைத்து யோசித்திருந்த படம். அவர் 1995இல் 44 வயதில் இறந்துவிட, கதையின் பாரம் இவர் மேல் வந்தது. டூப்ரோவ்னிக் என்ற உணவகத்தின் தலைமைப் பணியாளர் இலோனா. ஆரம்பத்திலேயே சமையல்காரர் குடித்துவிட்டுக் கத்தியோடு நிற்கிறார். தடுக்கப் போன காவலாளி கையில் வெட்டு வாங்கிக்கொண்டு திரும்புகிறார். இலோனா சட்டகத்தைவிட்டு வெளியே போகிறார், சத்தம் மட்டும் கேட்கிறது, வேலை முடிந்தது என்பதுபோல் வருகிறார். இந்த அம்மாவிடம் யாரும் வாலாட்ட முடியாது என்பது அதிலேயே தெரிந்துவிடுகிறது.

அதே இலோனா வேலை போனபின் ஒரு மட்டமான சாப்பாட்டுக் கடையில் சேர்கிறார். சமையலறையில் ஆளே இல்லை. ஆனாலும் வாடிக்கையாளர் கேட்டதைச் சமையலறைப் பக்கம் அறிவித்துவிட்டு, தானே உள்ளே போய்ச் சமைக்கிறார். சிரிப்பும் வருகிறது, என்னவோபோலவும் இருக்கிறது. வீட்டில் இறந்த குழந்தையின் படம் ஒன்று இருக்கும். அது பெல்லோன்பாவின் சிறுவயதுப் படம். அதை இலோனா பார்க்கும் இடத்தில், ஓட்டினென் தன் பழைய திரை ஜோடியையும் சேர்த்துத்தான் பார்க்கிறார் என்று எனக்குத் தோன்றும்.

ஐரிஸையும் இலோனாவையும் அடுத்தடுத்துப் பாருங்கள். முகம் ஒன்றுதான், ஆனால் ஐரிஸ் உட்கார்ந்தால் இடத்தை அடைக்கவே கூச்சப்படுவார்; இலோனா நின்றால் அந்த அறை அவருடையது. வித்தியாசம் முதுகிலும் நடையிலும் இருக்கிறது. நாம் கண்ணையும் வாயையும் மட்டும் பார்த்துப் பழகியதால் தவறவிடுகிறோம்.

விருதைப் பற்றிக் கேட்டால், 2002இல் 'தி மேன் வித்தவுட் எ பாஸ்ட்' படத்துக்காக பிரான்ஸின் கான் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை. சால்வேஷன் ஆர்மி என்ற கிறிஸ்தவத் தொண்டு அமைப்பின் சீருடையில் சூப் ஊற்றிக் கொடுக்கும் இர்மா, இரவில் தன் அறைக்கு வந்து படுத்துக்கொண்டு ராக் அண்ட் ரோல் கேட்பார். ஹெல்சின்கி நாடகக் கல்லூரியில் பேராசிரியராகவும் இருந்தார். 'லெ ஆவ்ர்' (2011) படத்தில் பிரெஞ்சு பேசி நடித்தார். அதில் அவருக்கு இன்னும் நாலு காட்சி கொடுத்திருக்கலாம் என்ற வருத்தம் எனக்கு உண்டு.

சின்ன வேடத்திலும் அந்த முகம் மாறாது. 2017இல் வந்த 'தி அதர் சைட் ஆஃப் ஹோப்' படத்தில் சட்டைக்கடைக்காரியாக ஒரே ஒரு காட்சிதான். கடையை மூடிவிட்டு மெக்சிகோ போய், ஜப்பான்காரர்களின் சாகே மது குடித்து, ஹவாய்த் தீவின் ஹூலா நடனம் ஆடப்போகிறேன் என்கிறார், ஏதோ கரண்ட் பில் கட்டப் போகிறவர்போல.