பிரசன்ன விதானகே: எந்தப் படத்தில் தொடங்குவது?

இலங்கை இயக்குநர் விதானகேயின் படங்களில், 2012இல் வந்த ‘ஒப நதுவ ஒப எக்க’வில் தொடங்குங்கள். அவருடைய ‘பரடைஸ்’ படத்தின் முடிவு பிடிபடவில்லை, இனி அவர் படமே வேண்டாம் என்று எழுதியிருக்கிறீர்கள், அவசரப்படாதீர்கள்.

யார் பக்கம் நியாயம் என்று படமே சொல்லும் எனக் காத்திருந்திருப்பீர்கள். விதானகே சொல்ல மாட்டார். 2012 படத்தில் மலையகத்தில் அடகுக்கடை வைத்திருக்கும் சிங்களவர், நகை அடகு வைக்க வரும் தமிழ்ப் பெண்ணைக் கல்யாணம் முடிக்கிறார்; அவர் முன்னாள் இராணுவத்தினர் என்பது அவளுக்குப் பிறகுதான் தெரிகிறது. கொழும்பில் தமிழர் அதிகம் வாழும் வெள்ளவத்தையில் இருந்து பார்க்கும் நமக்கு அவள் பக்கம் நிற்பது சுலபம், ஆனால் படம் பெரும்பாலும் அந்தக் கடைக்காரரோடுதான் நிற்கிறது, விதானகேயிடம் எனக்குப் பிடித்ததே இந்தத் துணிச்சல்தான்.

அப்புறம் 1997இன் ‘புர ஹந்த களுவர’. 2000இல் அரசு திரையிட விடாமல், உயர் நீதிமன்றம் வரை போய் வெளிவந்த படம். இராணுவத்தில் இருந்த மகனின் சீல் வைத்த சவப்பெட்டி வந்த பிறகு, பார்வையற்ற தகப்பன் நட்டஈட்டுப் படிவத்தில் கையெழுத்துப் போட மறுப்பதைக் கவனியுங்கள். அது பிடிபட்டால் ‘பரடைஸ்’ முடிவுக்குத் திரும்பலாம்.

ஒன்று, சப்டைட்டில் இல்லாத பிரதியில் பார்க்க வேண்டாம். கொழும்புச் சிங்களம் தெரிந்தவர்களுக்கும் அந்தக் கிராமத்துப் பேச்சு நழுவும்.