சாமி எப்போதோ வந்தாச்சு

கேள்வி: முதுமலையில் யானைக்குட்டி வளர்த்த தம்பதியைப் படமெடுத்து 2023இல் ஆஸ்கர் வாங்கினார் கார்த்திகி கோன்சால்வ்ஸ். எளிய மனிதர்களின் மன உறுதியை இப்படி நெருங்கிப் போய்ச் சொல்லும் ஆவணப்பட இயக்குநர்கள், வறண்ட நம் வேலூர்ப் பக்கம் ஏன் வருவதில்லை?
(ஒரு வாசகர், குடியாத்தம்)

பதில்: வறண்ட வேலூரா? அதையும் மோர்தானா அணைக்குப் பக்கத்தில் உட்கார்ந்துகொண்டு எழுதுகிறீர்களே ஐயா!

"தண்ணியில்லாத ஆறு, ராஜா இல்லாத கோட்டை, சாமி இல்லாத கோயில்" என்று ஆரம்பிக்காத பட்டிமன்றப் பேச்சாளர் எங்கள் ஊர் மேடையில் ஏறியதில்லை. கோட்டைக்குள் ஜலகண்டேஸ்வரர் 1981இலேயே திரும்பி வந்துவிட்டார். பேச்சாளர்களுக்குத்தான் இன்னும் தகவல் போய்ச் சேரவில்லை. ஒருவரிடம் நேரிலேயே சொன்னேன். "சாமி வந்தது சந்தோஷம் சார், ஆனா அடுக்கு உடைஞ்சிடுமே" என்றார். அன்றிலிருந்து அவருக்கும் எனக்கும் பேச்சில்லை. 2021 நவம்பரில் பாலாறு இரு கரையும் முட்டிக்கொண்டு ஓடியபோது அவரை மைக்கோடு ஆற்றில் நிறுத்தியிருக்க வேண்டும். ராஜா விஷயத்தில் மட்டும் அவர் சொல்வது சரி. ராஜா இல்லாததில் எனக்கு வருத்தமும் இல்லை.

சரி, உங்கள் கேள்வி. மன உறுதி என்றாலே கேமரா முகத்துக்கு அருகில் போய் நின்றுவிடுகிறது. பேரணாம்பட்டில் பீடி சுற்றும் அக்கா ஒருவரை எடுத்துக்கொள்ளுங்கள். மடியில் முறம். வெட்டிய இலையில் தூளை வைத்து, சுருட்டி, முனையை மடக்கி, நூல் கட்டி முடிகிறவரை அவர் கண் டிவி சீரியலை விட்டு அசையாது. அந்த விரல்களை ஐந்து நிமிடம் காட்டி, பின்னால் ஒரு வயலினை இழுத்துவிட்டால் போதும், நானும் அழுவேன். ஆனால் சாயங்காலம் எண்ணிக்கை எடுக்கும்போது "இது சரியில்லை" என்று ஒரு கை பீடியை ஒதுக்கி, கூலியில் பிடிப்பாரே ஏஜெண்ட், அவர் எந்தக் காட்சியில் வருவார்? அவர் வந்தால் வயலினை நிறுத்தவேண்டியிருக்கும்.

வேலூர் சி.எம்.சி. மருத்துவமனை டாக்டர் மேரி வர்கீஸ் கதையும் இப்படித்தான் சொல்லப்படுகிறது. 1954 விபத்தில் கால்கள் செயலிழந்தும், சக்கர நாற்காலியில் இருந்தபடியே தொழுநோயாளிகளின் கைகளுக்கு அறுவை சிகிச்சை செய்தார். எல்லோரும் இந்த இடத்தில் கைதட்டி நிறுத்திக்கொள்கிறார்கள். அவரோ நியூயார்க் போய் மறுவாழ்வு மருத்துவம் படித்துவந்தார். 1966இல் வேலூரை ஒட்டிய பாகாயத்தில் மறுவாழ்வு மையம் வந்தது. மனசைத் திடமாக வைத்துக்கொள்ளுங்கள் என்று நோயாளிகளிடம் சொல்லிவிட்டு அவர் வீட்டுக்குப் போயிருக்கலாம். போகவில்லை. படமெடுத்தால் அந்தக் கட்டடத்துக்கு யார் பணம் கொடுத்தார்கள், யார் கையை விரித்தார்கள் என்பதிலிருந்து எடுக்கவேண்டும்.

ஆவணப்படம் என்றால் எனக்கு ஏ.கே. செட்டியார்தான். (உதவி ஆசிரியர் இப்போதே தலையில் அடித்துக்கொள்கிறார்.) காந்தி இருக்கும் படச்சுருள்களைத் தேடி உலகத்தைச் சுற்றி, 1940இல் படத்தை வெளியிட்டவர். அப்புறம் 'குமரி மலர்' நடத்தினார். தன்னைப் பற்றி எழுதக் கூசிய பத்திரிகை ஆசிரியர். எங்கள் தொழிலில் அது அபூர்வம். இந்தப் பக்கத்தைப் பார்த்தாலே தெரியும்.

வெளியாள் எதற்கு? உங்கள் செல்போனிலேயே கேமரா இருக்கிறது. முதலில் அந்த ஏஜெண்டைப் பேட்டி எடுங்கள். அவர் ஒத்துக்கொண்டால் எனக்கும் ஒரு போன் போடுங்கள், கேட்க நாலு கேள்வி வைத்திருக்கிறேன்.