இலாரியுஸ்: லாரியும் இல்லை, தமாஷும் இல்லை

“உங்கள் பெயர் அபூர்வமானதா? அதற்கு என்ன பொருள், எங்கிருந்து வந்தது?” என்பது கேள்வி.

என் பெயர் இலாரியுஸ். குளச்சலுக்கும் முட்டத்துக்கும் நடுவில் இருக்கிற கடற்கரை ஊர்களில் இது ஒன்றும் அபூர்வம் இல்லை. எங்கள் ஊரிலேயே என்னைச் சேர்த்து மூன்று பேர் இருக்கிறோம். குமரி மாவட்டத்தின் வாசலான ஆரல்வாய்மொழி தாண்டினால்தான் பாடு. அதற்கு முன்னாலேயும் பாடுதான். ஆறாம் வகுப்புக்கு நாகர்கோவில் போனேன். முதல் வாரமே ‘இலாரியுஸ்’ தேய்ந்து ‘லாரி’ ஆகிவிட்டது. நான் வகுப்புக்குள் நுழையும்போது கடைசி பெஞ்சில் ஒருவன் ஹாரன் அடிப்பான். பின்னாலேயே இன்னொருத்தன் “ரைட், ரைட்” என்பான்.

வேலைக்கு பெங்களூர் போனபோது வேறு மாதிரி. முதல் நாள் அடையாள அட்டையைப் பார்த்த மேனேஜர் வாய்விட்டுச் சிரித்தார். “ஹிலேரியஸா? அப்படியென்றால் ஒரு ஜோக் சொல்லுங்கள் பார்ப்போம்.” எனக்கு ஜோக் சொல்ல வராது. அன்றைக்கு ராத்திரிதான் முதல் தடவையாக என் பெயருக்கு என்ன அர்த்தம் என்று உட்கார்ந்து தேடினேன். அதுவரை அது எனக்குப் பாட்டாவின் பெயர், அவ்வளவுதான். மூத்த பேரனுக்குப் பாட்டா பெயர் வைப்பது எங்கள் வீட்டு வழக்கம்.

வேர் கிரேக்கம். ‘ஹிலரோஸ்’ என்றால் முகம் மலர்ந்த, உற்சாகமான. லத்தீனில் அது ‘ஹிலாரிஸ்’ ஆகி, அதிலிருந்து ‘ஹிலாரியுஸ்’ என்ற ஆள் பெயர் பிறந்தது. மேனேஜர் சொன்ன ஆங்கிலச் சொல்லும் இதே வேர்தான், ஆனால் அது பிந்தி வந்தது. வயிறு வலிக்கச் சிரிக்க வைப்பது என்ற அர்த்தம் அதற்கும் பிந்தியது. எவரெஸ்ட் ஏறிய எட்மண்ட் ஹிலாரியின் குடும்பப் பெயரும் இந்த வழிதான். ஸ்பானியர்கள் ‘இலாரியோ’ என்கிறார்கள், அவர்களுக்கும் ‘ஹ’ வாயில் நிற்பதில்லை. எங்கள் ஊர்க் கிழவிகளைக் குறை சொல்லாதீர்கள்.

பழைய ரோமில் இந்தச் சொல்லில் ஒரு திருவிழாவே இருந்தது, பெயர் ‘ஹிலாரியா’. சிபெலே என்ற தாய்த் தெய்வத்துக்கு எடுத்தது. மார்ச் 24 துக்கநாள், ரத்தம் சிந்துகிற நாள். மறுநாள் 25 ஆட்டமும் பாட்டும் மாறுவேஷமும். நம் ஊர் அம்மன் கொடை பார்த்தவர்களுக்கு இதில் பெரிய ஆச்சரியம் இருக்காது.

அந்த சிபெலேயின் பூர்வீகம் பிரிகியா, இன்றைய துருக்கியில் இருக்கிறது. இந்தப் பெயரைக் கிறிஸ்தவர்களிடையே பிரபலமாக்கிய புனித ஹிலாரியை நாடுகடத்தி அனுப்பியதும் அதே பிரிகியாவுக்குத்தான். அவர் இன்றைய பிரான்ஸில் உள்ள புவாத்தியே நகரத்தின் ஆயர். கிறிஸ்து கடவுளுக்குச் சமமானவர் இல்லை என்று சொன்ன ஆரியுஸ் கட்சிக்குப் பேரரசர் இரண்டாம் கான்ஸ்டான்டியுஸ் ஆதரவாக இருந்தார். ஹிலாரி விட்டுக்கொடுக்கவில்லை, 356-ல் ஊரைவிட்டு அனுப்பினார்கள். போன இடத்தில் சும்மா இருந்தாரா? திரித்துவம் பற்றி 12 பாகத்தில் புத்தகம் எழுதினார். அவரை இங்கேயே வைத்திருந்தால் கிழக்கு முழுவதையும் கிளப்பிவிடுவார் என்று எதிர்க்கட்சிக்காரர்களே அலுத்துப்போய் ஊருக்கு அனுப்பி வைத்ததாகச் சொல்வார்கள். பெயரில்தான் மலர்ச்சி, ஆள் வம்புக்காரர். எனக்கு அவரை ரொம்பப் பிடிக்கும்.

சரி, புவாத்தியே ஆயரின் பெயர் குமரிக் கடற்கரைக்கு எப்படி வந்தது? பிரான்சிஸ் சவேரியார் 1544 கடைசியில் எங்கள் கரை வழியாக நடந்தார். ஒரே மாதத்தில் பத்தாயிரம் பேருக்கு மேல் ஞானஸ்நானம் கொடுத்ததாகவும், ஒவ்வொருவருக்கும் புதுப் பெயரை எழுதிக் கையில் கொடுத்ததாகவும் அவரே கடிதத்தில் எழுதியிருக்கிறார். அங்கே தொடங்கிய வழக்கம் இது: குழந்தை பிறந்தால் காலண்டரைப் பார்ப்பது, எந்தப் புனிதரின் நாளோ அந்தப் பெயர். கோவில் லத்தீனின் வால் அப்படியே ஒட்டிக்கொண்டு சில்வேரியுஸ், டயோனிசியுஸ், இலாரியுஸ் என்று வரிசையாக ‘யுஸ்’கள். (மகிழ்ச்சிப் பெயர் வேறேயும் உண்டு. பெலிக்ஸ், லெத்தீசியா இரண்டும் லத்தீனில் சந்தோஷம் சம்பந்தப்பட்டவைதான். ஆனால் உள்நாட்டுப் பக்கம் நிறைய இருக்கிற கிளாட்ஸ்டனை நம்பி ஏமாறாதீர்கள். அது பருந்துப் பாறை என்று பொருள்படும் ஸ்காட்லாந்து ஊர்ப்பெயர்.)

பாட்டா பிறந்தது 1937 ஜனவரி 14. இப்போது காலண்டரில் புனித ஹிலாரி ஜனவரி 13-ல் இருப்பார், 1969-ல் மாற்றினார்கள். அதற்கு முன்னால் அவருடைய நாள் 14. கோவிலில் வேதபாடம் சொல்லித்தரும் உபதேசியார் காலண்டரில் விரலை வைத்தார், பெயர் விழுந்துவிட்டது. அர்த்தம் யாருக்கும் தெரியாது, யாரும் கேட்கவும் இல்லை. ஒரு நாள் பிந்திப் பிறந்திருந்தால் பாட்டாவுக்கும் வேறு பெயர், எனக்கும் வேறு பெயர்.

அதே ஜனவரி 14-ல்தான், 1752-ல், ஆரல்வாய்மொழி காற்றாடிமலையில், கிறிஸ்தவராக மாறிய தேவசகாயத்தைச் சுட்டுக் கொன்றார்கள். 2022-ல் புனிதர் பட்டம் கிடைத்தது அவருக்குத்தான். அவருக்கு ஞானஸ்நானத்தில் வைத்த பெயர் லாசர். எபிரேயத்தில் ‘கடவுள் உதவினார்’ என்று பொருள், அதைத்தான் தமிழில் தேவசகாயம் ஆக்கினார்கள். லாசருக்குக் காட்டிய அக்கறையை ஹிலாரியுசுக்கும் காட்டியிருந்தால் என் பெயர் இன்முகன் என்று இருந்திருக்கும். ஹாரன் அடிக்க முடியாது.

மொழிபெயர்ப்பு ஓரிடத்தில் நடந்திருக்கிறது, அதைக் கண்டுபிடித்தது நானில்லை. என் மனைவிக்கு ஊர் மார்த்தாண்டம் பக்கம், சிஎஸ்ஐ என்ற புராட்டஸ்டண்ட் சபைக் குடும்பம். கல்யாணமான புதிதில் பெயர்ப் பேச்சு வந்தபோது அவள் வேதாகமத்தை எடுத்து வந்து காட்டினாள். கொரிந்தியருக்கு எழுதிய இரண்டாம் கடிதம், 9-ம் அதிகாரம், 7-ம் வசனம்: “உற்சாகமாய்க் கொடுக்கிறவனிடத்தில் தேவன் பிரியமாயிருக்கிறார்.” அந்த ‘உற்சாகமாய்’ இருக்கிற இடத்தில் கிரேக்க மூலத்தில் நிற்பது ‘ஹிலரோஸ்’தான். எங்கள் வீட்டுக் கத்தோலிக்க பைபிளைப் புரட்டினேன். அதில் அதே சொல் ‘முகமலர்ச்சியோடு’ என்று இருக்கிறது. அவள் பக்கம் உற்சாகம், என் பக்கம் முகமலர்ச்சி. என் ஓட்டு முகமலர்ச்சிக்கு. மதக்கட்சி காரணம் இல்லை. வள்ளுவர் அந்த இடத்தைத் தனியாகப் பிரித்துப் பார்த்திருக்கிறார்: “அகனமர்ந்து ஈதலின் நன்றே முகனமர்ந்து இன்சொலன் ஆகப் பெறின்.” மனசு குளிர்ந்து கொடுப்பதைவிட முகம் மலர்ந்து இனிமையாகப் பேசுவது மேல் என்கிறார்.

பாட்டா விஷயத்தில் வள்ளுவரோடு எனக்குக் கொஞ்சம் தகராறு உண்டு. அவர் முகம் மலர்ந்து நான் பார்த்ததே இல்லை. கரைமடி வலை இழுத்து முடிந்து சாளை மீன் மணலில் குவிந்து கிடக்கும். ஆளில்லாத வீட்டுப் பெண்கள் சருவப் பாத்திரத்தோடு கொஞ்சம் தள்ளி நிற்பார்கள், கேட்க மாட்டார்கள். பாட்டா இரண்டு கையாலும் அள்ளி, எண்ணாமல் கொட்டுவார். முகம் மட்டும் கடன்காரனைப் பார்த்த மாதிரி இருக்கும். “கொண்டு போ பிள்ளே, இங்கக் கெடந்தா நாறும்” என்று ஒரு அதட்டல். இன்சொல்லுக்கும் அவருக்கும் காத தூரம்.

ஒரு லீவுக்கு வந்தபோது அவரிடம் அர்த்தத்தைச் சொன்னேன். திண்ணையில் உட்கார்ந்து, காலின் பெருவிரலில் வலையை மாட்டி இழுத்துப் பிடித்துக் கிழிசலைத் தைத்துக்கொண்டிருந்தார்.

“பாட்டா, நம்ம பேருக்கு முகமலர்ச்சின்னு அர்த்தமாம்.”

நிமிர்ந்து பார்த்தார். நூலைப் பல்லால் கடித்து அறுத்தார்.

“அப்பிடியா மக்களே? எங்கம்மை லாரூன்னுல்லா கூப்பிடுவா” என்றுவிட்டு அடுத்த கிழிசலைத் தேட ஆரம்பித்தார்.