வீட்டுக் களைக்கொல்லி: எதற்குக் காசு கொடுக்கலாம், எதற்கு வேண்டாம்

கேள்வி: வாசலில் பேவர் பிளாக் போட்டிருக்கிறோம். கல்லுக்கும் கல்லுக்கும் நடுவே புல் முளைத்துப் பார்க்கவே சகிக்கவில்லை. வினிகர், கல் உப்பு, பாத்திரம் தேய்க்கும் லிக்விட் மூன்றையும் கலந்து அடித்தால் ஒரே நாளில் கருகிவிடும் என்று வாட்ஸ்அப்பில் வந்தது. நம்பலாமா? கடையில் விற்கும் புல் மருந்தைவிட மலிவா?
– ஒரு வாசகி, தாம்பரம்

பதில்: கருகுவது உண்மைதான். நல்ல வெயில் நாளில் காலையில் அடித்தால் சாயங்காலத்துக்குள் இலை வாடித் தொங்கிவிடும். வீடியோவில் காட்டுவது அந்தச் சாயங்காலத்தை. மூன்று வாரம் கழித்து அதே இடத்தை யாரும் படம் எடுத்துப் போடுவதில்லை.

அந்த மூன்றில் ஒவ்வொன்றுக்கும் ஒரு வேலை உண்டு. வினிகரில் இருக்கிற அசிட்டிக் அமிலம் பட்ட இடத்து இலையைச் சிதைத்து, உள்ளே இருக்கும் ஈரத்தை வெளியே விட்டுவிடுகிறது. அவ்வளவுதான், அது தண்டு வழியாக இறங்கி வேருக்குப் போகாது. லிக்விட் எதையும் கொல்வதில்லை. புல் இலையின் மேல் மெழுகு மாதிரி ஒரு பூச்சு இருக்கும், தண்ணீர் உருண்டு கீழே ஓடிவிடும். ஓடாமல் படிய வைப்பதுதான் லிக்விடின் வேலை. வேர் வரைக்கும் போய்க் கெடுப்பது உப்பு. ஆனால் உப்பு தன் வேலை முடிந்ததும் மறைந்து போகிற பொருள் இல்லை. மழை கரைத்துக்கொண்டு போகும் வரை மண்ணிலேயே கிடக்கும்.

இன்னொன்று. கடையில் வினிகர் பாட்டிலைத் திருப்பி லேபிளைப் படியுங்கள். மலிவாகக் கிடைப்பது பெரும்பாலும் செயற்கை வினிகர், அதாவது அசிட்டிக் அமிலத்தைத் தண்ணீரில் கலந்தது. நம் நாட்டு உணவுத் தர விதிப்படி அதில் குறைந்தது 3.75 சதவீதம் அமிலம் இருக்க வேண்டும். பெரும்பாலும் 4, 5 சதவீதம் இருக்கும். அமெரிக்க வேளாண் துறையின் ஆராய்ச்சிக்காரர்கள் இதைச் சோதித்துப் பார்த்திருக்கிறார்கள். முளைத்து இரண்டு வாரத்துக்குள் இருக்கிற இளங்களையை 5 சதவீத அமிலமே கொல்லும். முற்றிய களைக்கு இன்னும் காரமானது தேவைப்பட்டது. உங்கள் வாசலில் ஒரு மழைக்காலம் தாண்டி வேரூன்றிய புல்லுக்குச் சமையலறை வினிகர் முடிவெட்டிவிடுவது போலத்தான்.

செலவைப் பாருங்கள். அரை லிட்டர் பாட்டில் ஐம்பது ரூபாய் என்று வைத்துக்கொண்டால் ஒரு லிட்டர் கலவைக்கு நூறு ரூபாய்க்கு மேல். இலை சொட்டச் சொட்ட நனைய வேண்டும் என்பதால் அந்த ஒரு லிட்டர் உங்கள் கேட்டிலிருந்து படிக்கட்டு வரைகூட வராது. இருபது நாளில் மறுபடி அடிக்க வேண்டும். இதை மலிவு என்று எனக்குச் சொல்ல வாய் வரவில்லை.

வாசலுக்குக் கொதிக்கிற தண்ணீர் போதும். இட்லி வெந்து இறக்கியதும் பானை அடியில் மிஞ்சுகிற தண்ணீரை என்ன செய்கிறீர்கள்? சிங்கில்தானே ஊற்றுகிறீர்கள்? சூடு ஆறுவதற்குள் அதைக் கல் இடுக்கில், புல்லின் அடிக்குருத்தில் படும்படி, நீள மூக்குள்ள பாத்திரத்தால் மெதுவாக ஊற்றுங்கள். சாதம் வடித்த கஞ்சி வேண்டாம், எறும்பும் நாற்றமும் சேரும். காலில் மூடிய செருப்போ ஷூவோ இருக்கட்டும். குழந்தைகள் பள்ளிக்கூடம் போன பிறகு செய்யுங்கள். பத்து, பதினைந்து நாள் இடைவெளியில் திரும்பத் திரும்ப ஊற்றினால் வேரில் இருக்கிற சேமிப்பு தீர்ந்து புல் ஓய்ந்துவிடும். பிறகு இடுக்கில் சேர்ந்திருக்கிற மண்ணைச் சுரண்டி எடுத்துவிட்டுக் காய்ந்த மணலைத் துடைப்பத்தால் தள்ளி நிரப்புங்கள். விதை விழுந்தால் முளைக்க இடுக்கில் மண் இருப்பதால்தான் உங்களுக்கு இந்தத் தொல்லையே.

இவ்வளவு சொல்லியும் கலவைதான் வேண்டும் என்றால்: ஒரு லிட்டர் வினிகர், ஒரு கைப்பிடி உப்பு, ஒரு டீஸ்பூன் லிக்விட். இளம் புல்லில், காற்று அடங்கிய வெயில் நேரத்தில், அடுத்த ஒரு நாளுக்கு மழை வராது என்று தெரிந்தால் மட்டும். உப்பு சேர்ந்த தண்ணீர் காம்பவுண்டு சுவர் அடியில் தேங்கினால் பூச்சு உப்புப் பூத்து உதிரும். பேவர் கல்லிலும் வெள்ளை படியும். ஸ்பிரேயரை வேலை முடிந்த கையோடு நல்ல தண்ணீரில் கழுவாவிட்டால் அதன் பித்தளை நாசில் போச்சு.

கேள்வி: தென்னை மரத்துக்கு உப்பு போடுகிறோமே, மரம் நன்றாகத்தானே இருக்கிறது? அப்படியானால் மல்லிகைப் பாத்தியில் களைக்கு உப்புத்தண்ணீர் அடித்தால் என்ன கெட்டுப்போகும்? போன மாதம் ஒரு ஓரத்தில் கொஞ்சம் அடித்துவிட்டேன், அங்கே செடி இலை ஓரம் காய்கிறது.
– ஒரு வாசகர், திண்டுக்கல்

பதில்: தென்னை கடலோரத்து மரம். உப்பைத் தாங்குவது அதன் பிறவிக்குணம். அதைப் பார்த்து மல்லிகைக்கு ஊற்றக் கூடாது.

இலை ஓரம் காய்வது உப்பு மிகுந்ததற்கு அடையாளம். மண்ணில் தண்ணீர் இருந்தும் வேரால் உறிஞ்ச முடியாமல் போகிறது. களிமண் பாங்கான இடமென்றால் இன்னொரு சிக்கலும் சேரும். உப்பில் உள்ள சோடியம் மண் துகள்களைப் பிரித்துவிடும். நனைந்தால் குழம்பு, காய்ந்தால் சிமெண்ட் தரை என்று மண் மாறிவிடும். அதற்குப் பிறகு ஊற்றும் தண்ணீர் உள்ளே இறங்காது. சமையல் சோடாவைத் தூவச் சொல்கிற குறிப்பும் சுற்றுகிறது. அதிலும் இருப்பது அதே சோடியம்.

கொஞ்சம்தான் அடித்தீர்கள் என்பதால் பயப்பட வேண்டாம். வடிகால் உள்ள இடமாக இருந்தால் நல்ல தண்ணீரை நிறைய விட்டு இரண்டு மூன்று தடவை அலசிவிடுங்கள். போர் தண்ணீர் உப்பாக இருந்தால் அதை விட்டுப் பயனில்லை, மழைக்குக் காத்திருங்கள். மண் இறுகிப் போயிருந்தால் ஜிப்சம் போட்டு அலசுவது வழக்கம், ஆனால் அளவை ஊகித்துப் போடாதீர்கள். மாவட்டத்தில் உள்ள அரசு மண் பரிசோதனை நிலையத்தில் ஒரு பை மண்ணைக் கொடுத்தால் உப்பு அளவையும் கார நிலையையும் பார்த்துச் சொல்வார்கள். கட்டணம் சொற்பம்.

பாத்திக்குக் கைக்களைதான், அதற்குப் பின் மூடாக்கு. அட்டைப்பெட்டியைப் பிரித்து, பிளாஸ்டிக் டேப்பை உரித்துவிட்டு, மண்ணை நனைத்து அதன்மேல் விரியுங்கள். மேலே மூன்று, நான்கு அங்குலத்துக்குச் சருகு, தென்னை நார்க்கழிவு, கரும்புச் சோகை எது கிடைத்தாலும் போடுங்கள். வெளிச்சம் கிடைக்காத விதை முளைத்து மேலே வரத் திணறும். தண்ணீர்ச் செலவும் குறையும். நம் ஊரில் கரையான் ஒரு தொல்லை. அதனால் செடியின் தண்டை ஒட்டியும் வீட்டுச் சுவரை ஒட்டியும் ஒரு சாண் இடம் விட்டுப் போடுங்கள்.

பிடுங்குவதற்கு முன் என்ன பிடுங்குகிறோம் என்று பாருங்கள். மூக்கிரட்டை, பருப்புக்கீரை, கீழாநெல்லி என்று பாதிக்குமேல் சந்தையில் காசு கொடுத்து வாங்குகிறவைதான். ஆனால் ஏதாவது மருந்தோ உப்போ அடித்த இடத்தில் முளைத்ததைச் சமைக்க வேண்டாம்.

கேள்வி: தோட்டத்தில் கோரை. பிடுங்கினால் நாலு நாளில் திரும்ப வருகிறது. கோமியத்தில் கல் உப்பு, எலுமிச்சைச் சாறு, வேப்பெண்ணெய் கலந்து தெளித்தால் ஒழியும் என்கிறார்கள்.
– ஒரு வாசகர், கும்பகோணம்

பதில்: ஒழியாது. அந்தக் கலவையில் கருக்குகிற வேலையைப் பெரும்பாலும் செய்வது உப்புதான். மற்றவை அதற்கு மரியாதை சேர்க்கின்றன.

கோரையை மேலே பார்த்து எடை போடக் கூடாது. அடியில் கிழங்குகள் மெல்லிய வேர்த்தண்டால் சங்கிலி மாதிரி கோத்திருக்கும். மேலே ஒன்றைப் பிடுங்கினால் சங்கிலி அறுந்து, உறங்கிக் கிடந்த கிழங்கு விழித்துக்கொள்கிறது. நீங்கள் சொன்ன "நாலு நாளில்" என்பது அதுதான். பாலிதீன் ஷீட் விரித்து வெயிலில் மண்ணை வேகவைக்கும் முறை மற்ற களை விதைகளுக்குப் பலன் தரும், கோரைக்கிழங்கு அதற்கும் எளிதில் மசியாது.

பாத்தி காலியாக இருக்கும் சித்திரை, வைகாசியில் மண்வெட்டியால் ஆழக் கொத்திப் புரட்டிக் கிழங்கை வெயிலில் காய விடுங்கள். பொறுக்கி வெளியே போடுங்கள், குப்பை உரக்குழியில் மட்டும் போடாதீர்கள். மழை வந்து மீதி முளைத்ததும் இலை சிறியதாக இருக்கும்போதே மறுபடி கொத்துங்கள். ஒரு பருவத்தில் முடிகிற வேலை இல்லை. நிழல் கோரைக்கு ஆகாது. தட்டைப்பயறு போலப் படர்ந்து மூடுகிற பயிரை அடர்த்தியாக விதைத்தால் அது அடங்கும். கிழங்கை வீணாக்க மனமில்லாதவர்கள் கழுவிக் காயவைத்துக் குளியல் பொடிக்கு அரைக்கலாம், நாட்டு மருந்துக் கடையில் கோரைக்கிழங்கு என்று விற்பது இதைத்தான்.

கேள்வி: வாங்கிப் போட்ட காலி மனை முழுவதும் பார்த்தீனியம். ஆள் வைத்துப் பிடுங்கினால் கூலி அதிகம். உப்புக் கரைசல் அடிக்கலாமா?
– ஒரு வாசகர், கோவை

பதில்: உப்புக்கு நான் சரி சொல்கிற ஒரே கேள்வி இது. பயிர் இல்லாத நிலத்தில் பார்த்தீனியத்துக்குத் தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகமே பரிந்துரைக்கிற அளவு இருக்கிறது: ஒரு லிட்டர் தண்ணீருக்கு 200 கிராம் சமையல் உப்பு, 2 மில்லி சோப்புக் கரைசல். பத்து லிட்டர் டேங்குக்கு இரண்டு கிலோ உப்பு. பூப்பதற்கு முன்பு, செடி முழுக்க நனையும்படி அடிக்க வேண்டும். பூத்த பிறகு அடித்தால் ஆயிரக்கணக்கில் விதை கொட்டிவிட்டுத்தான் செடி சாகும்.

ஆனால் சில இடங்களை விட்டுவிடுங்கள். பக்கத்து மனையில் கிணறு இருந்தால் அந்த ஓரம் வேண்டாம். அடுத்த வருடம் அங்கே வீடு கட்டப்போகிறீர்கள் என்றால் அஸ்திவாரம் வரும் பகுதியில் அடிக்காமல் பிடுங்கியே ஆக வேண்டும்; உப்பும் கான்கிரீட்டுக்குள் இருக்கும் கம்பியும் ஒன்றுக்கொன்று ஆகாது. மா, கொய்யா வைக்க நினைக்கும் மூலைக்கும் இதே பேச்சுதான்.

கூலியைக் குறைக்க வழி, முதல் நல்ல மழைக்குப் பின் மண் ஈரமாக இருக்கும்போது ஆள் விடுவது. வேரோடு வரும், பாதி நேரத்தில் முடியும். அவர்களுக்குக் கையுறையும் முழுக்கைச் சட்டையும் முகத்துக்குத் துணியும் நீங்களே வாங்கிக் கொடுங்கள். இந்தச் செடி தோலில் அரிப்பும் புண்ணும் வரவைக்கும், அதன் மகரந்தம் ஆஸ்துமாக்காரர்களைப் படுத்திவிடும்.

கேள்வி: சமையல் வினிகர் வீரியம் போதாது என்று கெமிக்கல் கடையில் அசிட்டிக் ஆசிட் கேனாகவே வாங்கித் தண்ணீர் கலந்து அடிக்கலாம், ரொம்ப மலிவு என்று நண்பர் சொல்கிறார்.
– ஒரு வாசகர், மார்த்தாண்டம்

பதில்: வேண்டாம். அந்தக் கேனில் இருப்பது ஏறக்குறைய முழு அமிலம். தோலை வேகவைக்கும், கண்ணில் பட்டால் பார்வைக்கே ஆபத்து, அதன் ஆவி நெஞ்சை அடைக்கும், தீயும் பிடிக்கும். 20 சதவீதமாகக் கலந்த பிறகும் கண்ணாடியும் கையுறையும் இல்லாமல் தொடக் கூடாத சரக்கு அது. வீட்டில் அளந்து கலப்பதற்கு உரியது அல்ல.

பாத்ரூம் ஆசிட்டை ஊற்றுகிறவர்களும் இருக்கிறார்கள். புல்லோடு சிமெண்டும் கரையும். வண்டியில் வடித்த பழைய ஆயில், மண்ணெண்ணெய் ஊற்றினால் கிணற்றுத் தண்ணீர் நாசம்.

இதைக் கொஞ்சம் அழுத்திச் சொல்கிறேன்: வினிகரோ ஆசிட்டோ எதுவானாலும் பிளீச்சிங் பவுடரோடு சேரவே கூடாது. குளோரின் வாயு கிளம்பும். காலையில் பிளீச்சிங் பவுடர் தூவிய வாசலில் மதியம் வினிகர் அடிப்பதும் சேர்ப்பதுதான். கலந்து மீந்ததைக் குடிதண்ணீர் பாட்டிலிலும் கூல்டிரிங்க்ஸ் பாட்டிலிலும் ஊற்றி வைக்காதீர்கள்.

கேள்வி: ஆன்லைனில் "நூறு சதவீதம் ஆர்கானிக் களைக்கொல்லி" என்று ஒரு பாட்டில் வாங்கினேன். ஒரு புல்லும் சாகவில்லை. உள்ளே என்ன இருக்கிறது என்றும் எழுதவில்லை. உரக்கடையில் கேட்டால் கிளைபோசேட் என்ற ரசாயனக் களைக்கொல்லியை எடுத்துக்கொள்ளச் சொல்கிறார்கள். என்ன செய்ய?
– ஒரு வாசகி, சென்னை

பதில்: களையைக் கொல்லும் என்று சொல்லி விற்கிற எந்த மருந்தும் 1968-ஆம் வருடத்துப் பூச்சிக்கொல்லிச் சட்டத்துக்குள் வருகிறது. பாட்டிலில் பதிவு எண், உள்ளே இருக்கும் மருந்தின் பெயரும் அளவும், தயாரித்த தேதி, காலாவதி தேதி, தயாரிப்பாளர் முகவரி, விஷத்தின் தீவிரத்தைக் காட்டும் வண்ணக் குறி எல்லாம் இருக்க வேண்டும். சிவப்பு மிகக் கடுமை, அடுத்து மஞ்சள், நீலம், கடைசியில் பச்சை. இவை ஒன்றும் இல்லையென்றால் நீங்கள் வாங்கியது மருந்தா, சோப்புத் தண்ணீரா என்று தெரிந்துகொள்ள வழியில்லை. "ஆர்கானிக்" என்ற சொல் இவற்றில் எதற்கும் ஈடாகாது.

பாட்டில், பில், விளம்பரப் பக்கத்தின் ஸ்கிரீன்ஷாட் மூன்றையும் பத்திரப்படுத்துங்கள். முதலில் விற்ற தளத்தின் குறைதீர்ப்பு அலுவலருக்கு எழுதுங்கள். அங்கே பதில் இல்லையென்றால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915. தமிழிலும் பேசலாம்.

கிளைபோசேட் விஷயம் வேறு. 2022 அக்டோபரில் மத்திய வேளாண் அமைச்சகம் வெளியிட்ட அறிவிக்கை, பூச்சிக் கட்டுப்பாட்டுத் தொழில் செய்கிறவர்களைத் தவிர வேறு யாரும் அதைப் பயன்படுத்தக் கூடாது என்றது. கடைக்காரர் அதைச் சொல்லாமல் நீட்டுகிறார். அதற்கு முன்பே, 2015-ல், உலக சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆராய்ச்சி முகமை அதைப் புற்றுநோய் உண்டாக்க வாய்ப்புள்ளவற்றின் பட்டியலில் சேர்த்தது. பல நாட்டு ஒழுங்குமுறை அமைப்புகள் அந்த முடிவோடு ஒத்துப்போகவில்லை. அந்தச் சண்டை அங்கே நடக்கட்டும். வீட்டு முற்றத்துக்கு அந்த மருந்து தேவையில்லை. அதே கடையில் பாராகுவாட் என்ற களைக்கொல்லி இருந்தால் அதை வீட்டுக்குள்ளேயே கொண்டுவராதீர்கள். உள்ளே போனால் அதற்கு மாற்று மருந்து கிடையாது.

உரக்கடைக்குப் போனது போனதாக, ஒரு நல்ல களைக்கொத்து வாங்கி வாருங்கள். பிடி கையில் உருளாமல் இருக்கிறதா, இரும்பு பிடிக்குள் ஆழமாக இறங்கியிருக்கிறதா என்று பார்த்து வாங்குங்கள். சந்தையில் மலிவாகக் கிடைப்பதில் பாதி முதல் கல்லில் பட்டதுமே வளைகிறது.