கமரா கேட்கும் மகன்

கேள்வி: சீன இயக்குநர் ஜாங் யிமோவைப் போலப் படம் எடுக்க வேண்டும் என்று மகன் ஒற்றைக்காலில் நிற்கிறான். யார் அவர்? வயலை விட்டுவிட்டு இது சரிவருமா? (ஒரு தாய், மல்லாவி)

பதில்: தங்கச்சி, அவரும் வயலில் நின்றவர்தான். சியான் நகரத்துப் பிள்ளையை, மாவோ காலத்துக் கலாசாரப் புரட்சி என்ற அரசியல் இயக்கம் கிராமத்துக்கு அனுப்பியது. பிறகு பருத்தி ஆலையில் வேலை. 1978இல் பெய்ஜிங் திரைப்படக் கல்லூரிக்கு வயது கடந்துவிட்டது. அமைச்சுக்கு மேன்முறையீடு செய்து, தான் பிடித்த போட்டோக்களைக் காட்டி இடம் வாங்கினார். இயக்கிய முதல் படமான ‘சிவப்புச் சோளம்’ 1988இல் பெர்லின் திரைப்பட விழாவில் தங்கக் கரடி என்ற முதற்பரிசை வென்றது.

மகனோடு இருந்து, 1999இல் வந்த ‘ஒருவர்கூடக் குறையக்கூடாது’ படத்தைப் பாருங்கள். ஏழை ஊர்ப் பள்ளிக்கூடம், ஆசிரியருக்குப் பதிலாக வந்த 13 வயதுச் சிறுமி, எண்ணி எண்ணிப் பாவிக்கும் வெண்கட்டி. நடித்தவர்கள் தொழில்முறை நடிகர்கள் இல்லை. ஊர்த்தலைவராக வருபவர் நிஜத்திலும் ஊர்த்தலைவர். எங்கள் விதானையாரே விதானையாராக நடித்த மாதிரி. வன்னியில் மரநிழலில் படிப்பித்தவர்களுக்கு அது நெஞ்சில் தைக்கும். எனக்குத் தைத்தது.

சரி, மகனை மறிக்காதீர்கள். இருக்கிற போனில் மல்லாவியையே எடுக்கட்டும். அருவிவெட்டுக்கு மட்டும் வயலுக்கு வரட்டும்.